அண்ணை றைற்!

ஈழத்துச் சிரிப்பு மேடை – 9

சென்ற இதழில் ‘கோமாளிகள்’ நால்வரோடு நின்றோம். மரிக்காராக எஸ். ராம்தாஸ், அப்புக்குட்டியாக ரி. ராஜகோபால், உபாலியாக எஸ். செல்வசேகரன், ஐயராக பி. எச். அப்துல் ஹமீத். இலங்கை வானொலியில் தொடராக ஓடி, 1976இல் படமாகவும் வந்த கூட்டம் அது. ஒருவர் முஸ்லிம் தமிழ், ஒருவர் யாழ்ப்பாணத் தமிழ், ஒருவர் சிங்களம் கலந்த தமிழ், ஒருவர் அக்கிரகாரத் தமிழ். நாலு பேச்சும் மோதிக்கொள்வதுதான் அங்கே கதை, மற்றதெல்லாம் சாக்கு. இந்த இதழில் ஒரே ஒரு ஆள். மேடையில் தனியே நின்று ஒரு பஸ் நிறையச் சனத்தை ஏற்றி இறக்கிய கே. எஸ். பாலச்சந்திரன்.

பாரிஸுக்கு வந்து எங்களோடு வாழ்ந்த முகத்தார் ஜேசுரட்ணத்தை விட்டுவிட்டு, கனடாவுக்குப் போனவரை ஏன் முன்னுக்கு எடுக்கிறீர் என்று லா சப்பல் தேநீர்க் கடையில் சண்டைக்கு வர ஆட்கள் இருக்கிறார்கள். முகத்தார் வருவார், அவருக்கென்று ஒரு முழு இதழே வைத்திருக்கிறேன். ஆனால் யாழ்ப்பாணப் பேச்சு சிரிப்புக்கு மட்டும்தானா, அழுகைக்கும் ஆகுமா என்ற கேள்வி இந்தத் தொடர் முழுக்க எங்களைத் துரத்திக்கொண்டு வருகிறது. அந்தக் கேள்வியை வாழ்நாள் முழுதும் சுமந்தவர் பாலச்சந்திரன். ஆகவே அவரைத் தாண்டிப் போக வழியில்லை.

பேச்சுத் தமிழ் எங்கள் மேடைக்கு வந்தது அவரால் அல்ல. அதற்கு முன்பே பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை கதவைத் திறந்துவிட்டார். ‘உடையார் மிடுக்கு’, ‘முருகன் திருகுதாளம்’ என்று அவர் எழுதிய நாலு நாடகங்கள் 1940இல் ‘நானாடகம்’ என்ற பெயரில் புத்தகமாகின. உடையாரின் அதட்டல், கொழும்புக்குப் போன பிள்ளையின் எடுப்புச் சாய்ப்பு எல்லாம் வடமராட்சி வாயால் வந்தன. தமிழ்ப் பேராசிரியர் ஒருவர் இப்படிக் கொச்சையாக எழுதலாமா என்று முகம் சுளித்தவர்களும் உண்டு. அவர் அசரவில்லை, 1952இல் ‘இரு நாடகம்’ என்று இன்னும் இரண்டைப் போட்டார்.

அதன் பிறகு அந்தப் பேச்சுக்கு வானொலி இடம் கொடுத்தது. ‘சானா’ என்ற சண்முகநாதன் நாடகங்களைத் தயாரித்த காலத்தில் இலங்கையர்கோனின் ‘விதானையார் வீட்டில்’ வந்தது. வரணியூரான் கணேசபிள்ளை ‘புளுகர் பொன்னையா’வைத் தந்தார். சனம் திண்ணையில் குந்தியிருந்து கேட்டது. தங்கள் வீட்டு ஆச்சி பேசுவது போலவே பெட்டிக்குள்ளிருந்து ஓர் ஆச்சி பேசுகிறாள் என்பதே ஒரு புதினம்.

படத்தில் மட்டும் வேறு சட்டம். இலங்கையில் எடுத்த தமிழ்ப் படங்கள் தொடக்கத்தில் சென்னையின் குரலைத்தான் கடன் வாங்கின. கதாநாயகன் யாழ்ப்பாணத்துப் பனங்கூடலுக்குள் நின்றாலும் வாயைத் திறந்தால் கோடம்பாக்கம். எம். ஜி. ஆரையும் சிவாஜியையும் பார்த்துப் பழகிய கண்ணுக்கும் காதுக்கும் காதல் என்றால் அந்தத் தமிழ்தான். கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா 1972இல் ‘குத்துவிளக்கு’ எடுத்தபோதும், தர்மசேன பத்திராஜா 1977இல் ‘பொன்மணி’ எடுத்தபோதும் யாழ்ப்பாணத்து மண்ணையும் மனிதரையும் காட்டப் பாடுபட்டார்கள். வசூல் வேறு கதை சொன்னது. சனம் காசு கொடுத்து வந்து சொந்தப் பேச்சைக் கேட்டது ‘கோமாளிகள்’ போன்ற சிரிப்புப் படத்துக்குத்தான்.

சிரிப்புக்கு என்றால் எங்கள் பேச்சுக்கு அனுமதி உண்டு. சோகத்துக்கு என்றால் இல்லை. யாரும் எழுதி வைக்காத இந்த விதி தமிழ்நாட்டிலும் நடைமுறையில் இருந்ததுதான். 1958இல் வந்த ‘சபாஷ் மீனா’வில் சந்திரபாபுவுக்கு இரட்டை வேடம்; ரிக்‌ஷாக்காரராக வரும்போது மெட்ராஸ் பாஷையை வாரி இறைப்பார். தூத்துக்குடியில் பிறந்து கொழும்பில் வளர்ந்த மனிதர் அவர். அந்தப் பாஷை அவர் காதால் பிடித்துக்கொண்ட சொத்து. அதே படத்தின் கதாநாயகன் சிவாஜி அப்படிப் பேசமாட்டார். பேசினால் கதாநாயகன் என்ற இடம் போய்விடும்.

இந்த விதி ஆண்ட காலத்தில்தான் 1944 ஜூலை 10ஆம் திகதி கரவெட்டியில் பிறந்த பாலச்சந்திரன் என்ற பிள்ளை வளர்ந்தது. வடமராட்சியில் நாடகம் பார்க்க மண்டபம் தேவையில்லை, கோயில் திருவிழா போதும். நடிகமணி வி. வி. வைரமுத்துவின் காங்கேசன்துறை வசந்த கான சபா ‘அரிச்சந்திரா மயான காண்டம்’ போட்டால் சனம் பாயும் தலையணையும் கொண்டுபோய் விடியும்வரை கிடக்கும். சுடலைக் காட்சிக்குக் கண்ணீர் விட்ட அதே கூட்டம் பபூன் வந்தவுடன் குலுங்கிச் சிரிக்கும். அரிச்சந்திரன் பாடுவது ஒரு தமிழ், பபூன் பேசுவது இன்னொரு தமிழ். அதைப் பார்த்து வளர்ந்த தலைமுறை பாலச்சந்திரனுடையது.

அரசாங்க உத்தியோகம், பின்னேரத்தில் ஒத்திகை, வானொலி நிலையம், சனி ஞாயிறு மேடை: அந்தக் காலக் கலைஞர்களின் கால அட்டவணை இதுதான். நடிப்பால் மட்டும் சோறு தின்ற ஈழத்து நடிகர் ஒருவர் இருந்தார் என்று எவராவது சொன்னால் நான் நம்பமாட்டேன். ராம்தாஸ் முதல் ரகுநாதன் வரை எல்லோருக்கும் கலை இரண்டாவது வேலை. ஆனால் மனசில் முதல் வேலை. இந்த இரட்டை வாழ்க்கையால் ஒரு நன்மையும் இருந்தது. இவர்கள் காலையும் மாலையும் பஸ்ஸில் போனவர்கள். கந்தோர்க் கதவடியில் சனத்தோடு முட்டுப்பட்டவர்கள். கதாபாத்திரத்தைத் தேடி எங்கும் போகவேண்டிய தேவை இருக்கவில்லை.

பஸ் என்றவுடன் கொஞ்சம் வரலாறு சொல்லவேண்டும். இலங்கையில் பஸ்கள் எல்லாம் 1958 ஜனவரி 1ஆம் திகதி அரசுடைமையாயின. அதுவரை முதலாளிமாரின் கம்பனி பஸ். அதன் பிறகு இலங்கைப் போக்குவரத்துச் சபை, சனத்தின் வாயில் இ.போ.ச. அல்லது சீரீபி. சிவப்பு பஸ், காக்கி உடுப்பு, தோளில் தோல் பை. முதலாளிக்குப் பயந்திருந்த கொண்டக்டர் ஒரே இரவில் அரசாங்க ஊழியர் ஆனார். சம்பளம் நிச்சயம், ஓய்வூதியக் கனவு நிச்சயம். பயணி ஏறினாலும் ஏறாவிட்டாலும் அவருக்கு ஒரு சதம் நட்டமில்லை. யாழ்ப்பாணத்து வாழ்க்கையில் புதிதாக ஒரு அதிகாரி முளைத்தார் என்றே சொல்லலாம். உடையார் போய்விட்டார், மணியகாரன் போய்விட்டார், இதோ கொண்டக்டர் வந்துவிட்டார்.

இந்த அதிகாரிக்கு இரண்டு சொல் போதும். சனம் ஏறி முடிந்ததும் பின் மிதிபலகையில் நின்று றைவரைப் பார்த்து ஒரு குரல்: ‘அண்ணை றைற்’. பஸ் புறப்பட்டுவிடும். புறப்படவேண்டாம் என்று கிழவி கத்தினாலும், செருப்பு விழுந்துவிட்டது என்று பெடியன் கத்தினாலும், அந்த இரண்டு சொல்லுக்குத்தான் றைவர் கீழ்ப்படிவார். கணபதிப்பிள்ளை உடையாரிடம் கண்ட மிடுக்கைப் பாலச்சந்திரன் கொண்டக்டரிடம் கண்டார் என்று நான் நினைக்கிறேன். இரண்டு பேரும் வடமராட்சிக்காரர். இரண்டு பேரும் சின்ன அதிகாரத்தின் பெரிய எடுப்பைப் பார்த்துச் சிரித்தவர்கள்.

எழுபதுகளில் அவர் தானே எழுதித் தானே நடித்த தனி நடிப்பு ‘அண்ணை றைற்’. ஊர் வாசிகசாலை ஆண்டுவிழா, பள்ளிக்கூடக் கலைவிழா, கோயில் திருவிழா, கொழும்பு மண்டபங்கள் என்று அது போகாத மேடை இல்லை. கடைசியில் கே. எஸ். பாலச்சந்திரன் என்ற பெயரே பின்னுக்குப் போய், அண்ணை றைற் பாலச்சந்திரன் என்றால்தான் ஆளைத் தெரியும் என்ற நிலை வந்தது.

இதில் என்ன அதிசயம், பலகுரல் மன்னர்கள் எத்தனை பேர் இருந்தார்கள் என்று கேட்கலாம். பலகுரல்காரர் உங்களுக்கு ஏற்கெனவே தெரிந்த குரலைத் திருப்பித் தருகிறார். எம். ஆர். ராதாவின் கரகரப்பு, நாகேஷின் வேகம், சிவாஜியின் கர்ஜனை. குரல் பொருந்தினால் கைதட்டு. பாலச்சந்திரன் தந்த கொண்டக்டருக்கு முன்மாதிரியாக எந்த நட்சத்திரமும் இல்லை. பெயர்கூட இல்லாத ஆள். ஆனால் கேட்ட ஒவ்வொருவரும் ‘இவன் எங்கட 750 பஸ் கொண்டக்டர்தான்’ என்றார்கள். யாழ்ப்பாணம் – பருத்தித்துறை பாதையில் இல்லாத ஊர்க்காரரும் தங்கள் பாதை இலக்கத்தைச் சொல்லி அதையே சொன்னார்கள்.

தனி நடிப்பின் நுணுக்கத்தைக் கொஞ்சம் கிட்ட நின்று பார்க்கவேண்டும். மேடையில் பஸ் இல்லை. பயணிகள் இல்லை. றைவர் இல்லை. இருப்பது ஒரு ஆள். அவர் ஒரு கேள்வி கேட்கிறார். பதில் எங்களுக்குக் கேட்காது. ஆனால் பதில் வரும் நேரத்துக்கு அவர் நிற்கவேண்டும். அந்த இடைவெளி அரை விநாடி கூடினால் ஆள் வசனத்தை மறந்துவிட்டார் என்று தோன்றும்; அரை விநாடி குறைந்தால் எதிரே ஒருவரும் இல்லை என்ற குட்டு வெளிப்பட்டுவிடும். பிறகு அவர் சொல்லும் அடுத்த வசனத்திலிருந்து அந்தக் கேட்காத பதிலை நாங்களே கட்டிக்கொள்ளவேண்டும். அதாவது நாடகத்தின் பாதி வசனத்தைச் சபை எழுதுகிறது. சிரிப்பு வருவதும் அங்கேதான். அவர் சொன்னதற்கு அல்ல, கிழவி என்ன சொல்லியிருப்பாள் என்று நாங்கள் ஊகித்ததற்கு.

அடுத்தது பார்வை. இருக்கையில் உள்ளவரோடு பேசும்போது கண் கீழே. மிதிபலகையில் தொங்கும் பெடியனோடு பேசும்போது கழுத்துத் திரும்பி, கண் இடுப்பளவில். றைவருக்குச் சொல்லும்போது தலை நிமிர்ந்து, குரல் சனத்தின் தலைக்கு மேலால் போகவேண்டும். இந்த மூன்று உயரத்தையும் நடிகர் ஒருமுறை நிலைநிறுத்திவிட்டால் சபை அதை மறக்காது. அடுத்த முறை கண் கீழே போனவுடனேயே இருக்கையில் இருந்த அதே ஆள் திரும்ப வந்துவிடுவார். ஒருமுறை குழப்பிவிட்டாலோ பஸ் கவிழ்ந்ததுதான்.

நிஜ இ.போ.ச. கொண்டக்டரின் கைகளை நினைவு உள்ளவர்கள் நினைத்துப் பாருங்கள். நோட்டை நெடுக்காக மடித்து விரலிடுக்கில் செருகியிருப்பார். காதில் பென்சில். சில்லறையைப் பைக்குள் குலுக்கும் சத்தத்திலேயே மிச்சக்காசு தரும் எண்ணம் அவருக்கு இருக்கிறதா இல்லையா என்று தெரிந்துவிடும். பஸ் வளைவில் திரும்பும்போது சனமெல்லாம் ஒரு பக்கம் சரிய, அவர் மட்டும் இடுப்பால் ஒரு இருக்கையில் முட்டுக்கொடுத்து நின்றபடி ரிக்கெற் கிழிப்பார். இதையெல்லாம் எழுதிவைக்க எந்த ஆவணக் காப்பகமும் இருக்கவில்லை. ஒரு நடிகரின் உடம்பு அதை எழுதி வைத்தது.

ஒலிநாடாவாக வந்தபோது உடம்பு போய்க் குரல் மட்டும் மிஞ்சியது. போதுமானதாக இருந்தது என்பதுதான் விசயம். வானொலியில் பழகிய தொண்டை அது. பெண்பிள்ளைகளைக் கண்டால் குரலில் ஏறும் இனிப்பும், கிழடுகளைக் கண்டால் ஏறும் எரிச்சலும், பரிசோதகர் நினைவு வந்தால் ஏறும் ஒழுக்கமும் காதுக்கே தெரிந்துவிடும்.

ஆனால் இவரைச் சிரிப்பு நடிகர் என்று மட்டும் எழுதி மூடினால் அது வரலாறு ஆகாது. சில்லையூர் செல்வராஜன் எழுதிய ‘தணியாத தாகம்’ வானொலித் தொடரில் பாலச்சந்திரனின் குரல் வீடுவீடாகப் போனது. அது நடுத்தரக் குடும்பத்துத் துன்பக் கதை. சிரிக்க அங்கே அதிகம் இல்லை. தொண்டை அதே தொண்டை, பேச்சும் அதே யாழ்ப்பாணப் பேச்சு. கேட்ட பெண்கள் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார்கள். வானொலியில் அது நடந்தது. முகம் தெரியாத இடத்தில் அந்த எழுதாத விதி கொஞ்சம் தளர்ந்தே இருந்தது.

பிறகு 1978இல் ‘வாடைக்காற்று’. செங்கை ஆழியானின் நாவல். நெடுந்தீவுக்குப் பருவத்துக்குப் பருவம் வாடி அமைத்து மீன்பிடிக்க வரும் சம்மாட்டிகளின் கதை. திரைக்கதை வசனத்துக்குச் செம்பியன் செல்வன், இயக்கத்துக்குப் பிரேம்நாத் மொறாயஸ், இசைக்கு ரி. எவ். லத்தீப். பொப் பாடகர் ஏ. ஈ. மனோகரன், டாக்டர் இந்திரகுமார், சந்திரகலா, ஆனந்தராணி ஆகியோருடன் பாலச்சந்திரனும் ஜேசுரட்ணமும். வானொலியிலும் மேடையிலும் சனத்தைச் சிரிக்க வைத்த இந்த இரண்டு பேரும் இதில் குணச்சித்திர வேடங்களில் வந்தார்கள். கடலோரத்துப் பேச்சைப் பேசிக்கொண்டே காதலும் பகையும் சாவும் நடக்கலாம் என்று காட்டிய படம் அது. இலங்கைத் தமிழ்ப் படங்களில் ஒன்றை மட்டும் காப்பாற்றலாம் என்று எவராவது என்னிடம் சொன்னால் நான் கைவைப்பது இதில்தான். ‘பொன்மணி’க்காரர்கள் கோபித்துக்கொள்ளட்டும்.

எண்பதுகளோடு எல்லாம் சிதறியது. படம் எடுக்க ஆளில்லை, பார்க்கத் தியேட்டர் இல்லை. 1990க்குப் பிறகு பொருளாதாரத் தடையில் யாழ்ப்பாணத்துக்கு எரிபொருள் வரவில்லை, மின்சாரம் இல்லை. சைக்கிளைக் கவிழ்த்து வைத்துப் பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் வரும் மின்னில் வானொலி கேட்ட சனம் அது. சிவப்பு பஸ்ஸும் கொண்டக்டரும் பழங்கதையாகிக்கொண்டிருந்த நேரத்தில் கொண்டக்டரின் குரல் மட்டும் நாடா நாடாவாகக் கடல் தாண்டியது.

பாரிஸில் அது வந்து இறங்கிய இடம் லா சப்பல். கார் து நோர் ஸ்டேசனுக்குப் பின்னால், போபூர்க் சென்தெனித் தெருவிலும் கை, பெர்தோனே தெருக்களிலும் தமிழ்க் கடைகள் ஒவ்வொன்றாக முளைத்த காலம். மரக்கறிக் கடையில் கத்தரிக்காய்க்கும் முருங்கைக்காய்க்கும் பக்கத்தில் ஒரு கண்ணாடிப் பெட்டி, அதற்குள் ஒலிநாடாக்கள். இளையராஜா, சீர்காழி, எழுச்சிப் பாடல்கள், அவற்றுக்கிடையே சிரிப்பு நாடகம். அங்கிருந்து மெத்ரோ 7ஆம் இலக்கத்தில் ஏறிக் கடைசி ஸ்டேசனில் இறங்கினால் லா கூர்னெவ். ஒருவர் வாங்கியதை இன்னொருவர் பதிந்தெடுத்து, அதை மூன்றாமவர் பதிந்தெடுத்து, கடைசிப் பிரதியில் கொண்டக்டர் மழைக்குள் நின்று பேசுவது போல இரையும். அந்த நாடாக்களுக்குக் கலைஞருக்கு எத்தனை சதம் போனது என்று கேட்காதீர்கள்.

லா கூர்னெவ்வின் நாலாயிரம் வீட்டுத் தொகுதியைச் சினிமாக்காரருக்குப் புதிதாக அறிமுகப்படுத்தத் தேவையில்லை. 1967இல் வெளிவந்த தன் படமொன்றைக் கொடார் அந்தக் கட்டடங்களுக்கு நடுவில்தான் எடுத்தார். நாங்கள் வந்தபோது அந்தச் சுவர்கள் கறுத்திருந்தன.    இரவு வேலை முடித்து வந்த பெடியள் நாலைந்து பேர் ஒரு அறையில் படுத்துக்கொண்டு அண்ணை றைற் கேட்ட அந்தத் தொகுதியில், கொண்டக்டரின் சிரிப்புக்கு இன்னொரு வேலை வந்துவிட்டது. ஊரில் கேட்டபோது அது நையாண்டி. இங்கே கேட்டபோது அது ஊர். ஊரில் கொண்டக்டர் யாருக்கு எரிச்சல் மூட்டினாரோ, அவருக்கே இங்கே கொண்டக்டர் மேல் ஆசை வந்துவிட்டது.

இங்கே பிறந்த பிள்ளைக்கோ கொண்டக்டர் என்றால் யாரென்றே தெரியாது. அட்டையைக் கருவியில் தொட்டால் ‘பீப்’ என்ற ஒரு சத்தம், அதோடு சரி. பாரிஸ் பஸ்ஸில் றைவர் கண்ணாடிக்குப் பின்னால். பஸ் ஒன்றுக்குள் ஒரு மனிதன் எல்லோரோடும் சண்டை பிடித்துக்கொண்டு நிற்பான் என்பதே அவர்களுக்கு நம்பமுடியாத கதை. ஆகவே நாடா ஓடும்போது தகப்பன் சிரிப்பார், பிள்ளை தகப்பன் முகத்தைப் பார்த்துச் சிரிக்கும்.

இப்போது அந்தப் பழைய கேள்விக்கு வருவோம். 2000இல் கே. எஸ். ரவிகுமார் இயக்கத்தில் ‘தெனாலி’ வந்தது. கமல்ஹாசன் ஈழத்து அகதியாக யாழ்ப்பாணத் தமிழ் பேசினார். பேச்சைச் சொல்லிக் கொடுத்தவர் எங்கள் ‘கோமாளிகள்’ ஐயர், அப்துல் ஹமீத். படத்திலும் அவர் தலைகாட்டினார். தமிழ்நாட்டுத் தியேட்டர்களில் சனம் விழுந்து விழுந்து சிரித்தது. லா கூர்னெவ்விலும் சிரித்தோம், பொய் சொல்லக்கூடாது. ஆனால் படம் முடிந்து வெளியே வந்த சிலருக்கு வயிற்றில் என்னவோ செய்தது. எதைக் கண்டாலும் பயந்து நடுங்கும் ஒரு மனிதன். அவன் பயத்துக்குக் காரணம் போர். அவன் பேசுவது எங்கள் பேச்சு. அதற்குத்தான் அத்தனை சிரிப்பு. கமல் கெட்ட எண்ணத்தில் செய்தார் என்று நான் சொல்லமாட்டேன், கேலியை விட அன்புதான் அதில் அதிகம். ஆனால் நாங்களே நாற்பது ஐம்பது வருடமாகச் சனத்துக்குப் பழக்கிவைத்த பாடம் அது. யாழ்ப்பாணப் பேச்சு காதில் விழுந்தால் சிரிப்பதற்கு ஆயத்தமாகு என்று கற்றுக்கொடுத்தவர்கள் எங்கள் கோமாளிகளும் புளுகரும் அண்ணை றைற்றும்தான். எங்கள் பேச்சை மேடை ஏற்றியதும் சிரிப்புத்தான், அந்த மேடையை விட்டு இறங்க விடாமல் பிடித்து வைத்ததும் சிரிப்புத்தான்.

பிரெஞ்சுக்காரருக்கும் இது நடந்திருக்கிறது. மார்செய், தூலோன் பக்கத்துப் பேச்சு பாரிஸ் மேடையில் நெடுங்காலம் கேலிக்குரியது. தூலோனில் பிறந்த ரெய்மு பாட்டுக் கச்சேரி மண்டபங்களில் கூத்தாடி வளர்ந்த சிரிப்பு நடிகர். 1929இல் மார்செல் பாஞோல் ‘மாரியுஸ்’ நாடகத்தைப் பாரிஸில் போட்டபோது மதுக்கடைக்கார சேசராக அவரை நிறுத்தினார். அதே தெற்கத்திப் பேச்சு, அதே கையசைப்பு, ஆனால் மகன் கடலுக்குப் போன தகப்பனின் துக்கம். பாரிஸ்காரர் சிரித்துக்கொண்டே இருந்து சட்டென்று மௌனமானார்கள். 1938இல் ‘பேக்கரிக்காரரின் மனைவி’ படத்தில் மனைவி ஓடிப்போன அப்பாவியாக ரெய்மு வந்தபோது அந்தப் பேச்சுக்கு இனி எதையும் சொல்லும் உரிமை உண்டு என்று முடிவாகிவிட்டது. ரெய்முவுக்கு ஒரு பாஞோல் கிடைத்தார். அந்த நடிகரை மனதில் வைத்துத் திரும்பத் திரும்ப எழுதிய ஒருவர், படம் எடுக்கச் சொந்தக் கம்பனி, அமைதியான ஒரு நாடு. இந்த மூன்றில் எங்கள் பாலச்சந்திரனுக்கு எத்தனை கிடைத்தது? ‘வாடைக்காற்று’ ஒருமுறை வீசியது. அதன் பிறகு காற்று எந்தப் பக்கம் திரும்பியது என்று எல்லோருக்கும் தெரியும்.

பிரான்சின் வடக்குப் பேச்சை வைத்து டனி பூன் எடுத்த ‘ஷ்தி’ படத்தை 2008இல் பிரான்சில் இரண்டு கோடிக்கு மேற்பட்டவர்கள் தியேட்டரில் பார்த்தார்கள் என்பதையும் சொல்லிவிடவேண்டும். ஊர்ப் பேச்சுக்குச் சிரிக்கும் ஆசை எந்த நாட்டிலும் ஓய்வதில்லை போலும்.

கனடாவுக்குப் போன பாலச்சந்திரன் சும்மா இருக்கவில்லை. புலம்பெயர் மேடைகள் அண்ணை றைற்றைத்தான் கேட்டன, கேட்டதைக் கொடுத்தார். ஆனால் இன்னொரு பக்கத்தில் எழுதிக்கொண்டே இருந்தார். 2009இல் ‘கரையைத் தேடும் கட்டுமரங்கள்’ என்ற நாவல் வந்தது. வடமராட்சிக் கடற்கரை மனிதரின் கதை. சிரிப்பு நடிகர் எழுதிய நாவல் என்று எடுத்து விரித்தவர்களுக்கு உள்ளே இருந்தது உப்பும் கண்ணீரும். ‘நேற்றுப் போல இருக்கிறது’ என்ற நினைவுக் குறிப்புகளில் தன்னோடு நடித்தவர்களை அவர் எழுதி வைத்தார். இந்தத் தொடரை எழுதும் என்னைப் போன்றவருக்கு அது பெரிய கொடை. தன்னைப் பற்றிப் பேசவேண்டிய இடத்தில் மற்றவரைப் பற்றிப் பேசுவது எங்கள் நடிகர்களிடம் அடிக்கடி காணும் பழக்கம் அல்ல என்பதையும் குறித்துக்கொள்கிறேன்.

அதே 2009இல் லெனின் எம். சிவம் ‘1999’ என்ற படத்தை எடுத்தார். ரொறொன்ரோவில் தமிழ்ப் பெடியள் குழுக்களாகப் பிரிந்து வெட்டுக்குத்தில் இறங்கிய காலத்தின் கதை. வான்கூவர் சர்வதேசத் திரைப்பட விழாவில் அது திரையிடப்பட்டது. பாலச்சந்திரனுக்கு அதில் தகப்பன் வேடம். ஊரை விட்டு வந்து, குளிர் நாட்டில் ஒரு வீட்டைக் கட்டிக் காத்து, அந்த வீட்டுக்குள்ளேயே பிள்ளை கைநழுவிப் போவதைப் பார்த்துக்கொண்டு நிற்கும் தகப்பன். பேசுவது அதே பேச்சு. ‘கொஞ்சம் முன்னுக்குப் போங்கோ’ என்று சனத்தை நெரித்த அந்தத் தொண்டைதான். ஒருவரும் சிரிக்கவில்லை. படம் பார்த்த இளம் பிள்ளைகள் பலருக்கு அவர்தான் அண்ணை றைற் என்பதே தெரியாது. அவர்களுக்கு அவர் ஒரு நல்ல குணச்சித்திர நடிகர், அவ்வளவுதான். தொடக்கத்திலிருந்தே அவர் விரும்பியதும் அந்த அறிமுகமாகத்தான் இருந்திருக்கும் என்பது என் எண்ணம்.

அப்போது அவருக்கு வயது 65. அதன் பிறகு ஐந்து வருடம்கூட முழுதாகக் கிடைக்கவில்லை. 2014 பெப்ரவரி 26ஆம் திகதி ரொறொன்ரோவில் காலமானார். ராம்தாஸ் சென்னையில் 2016இல் போனார். எங்கள் பாரிஸிலேயே வாழ்ந்த ஏ. ரகுநாதன் 2020 ஏப்ரலில், கொரோனாவில் நகரம் முழுக்கக் கதவடைத்திருந்த நாட்களில், நாலு பேர் கூடி வழியனுப்பவும் வாய்ப்பில்லாமல் போனார். அவர்கள் நடித்த மேடை நாடகங்கள் பெரும்பாலும் படச்சுருளில் இல்லை. இருப்பது வானொலி நிலையத்து நாடாக்கள், அழிந்தவை போக மிச்சம். அதைவிட அதிகமாக லா சப்பலில் வாங்கி, பதிந்து, பதிந்ததைப் பதிந்து, நிலக்கீழ் அறைகளில் பெட்டிக்குள் கிடக்கும் ஒலிநாடாக்கள். வாசகர் எவரிடமாவது அப்படி ஒன்று இருந்தால் எறியவேண்டாம். அடுத்த இதழுக்கு முகத்தார் வீட்டு நாடா தேடிக்கொண்டிருக்கிறேன்.

(தொடரும்)